டான் ஆல்பர்ட்: ட்ரம்பெட்டைக் கீழே வைத்த பேண்ட் மாஸ்டர் (அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்)

ஜாஸ் கேட்கத் தொடங்கும் நம்மவர்கள் பெரும்பாலும் லூயி ஆம்ஸ்ட்ராங், டியூக் எலிங்டன், கவுண்ட் பேஸி என்று மூன்று பெயர்களில் நின்றுவிடுகிறார்கள். அந்த மூவரின் காலத்திலேயே அமெரிக்காவின் உள்பகுதிகளில் நூற்றுக்கணக்கான பேண்டுகள் பேருந்து ஏறி ஊர் ஊராகச் சுற்றிக்கொண்டிருந்தன. அவற்றில் ஒன்றை நடத்தியவர் டெக்சஸ் மாநிலத்தின் சான் அன்டோனியோ நகரைச் சேர்ந்த டான் ஆல்பர்ட். அவரைப் பற்றிப் பேச்சு வரும்போதெல்லாம் எழும் கேள்விகளுக்கு இங்கே பதில் எழுதியிருக்கிறேன்.

டான் ஆல்பர்ட் யார்?

ட்ரம்பெட் கலைஞர், பிக் பேண்ட் தலைவர், பிற்காலத்தில் இரவு விடுதி உரிமையாளர். இயற்பெயர் ஆல்பர்ட் டொமினிக். 1908 ஆகஸ்டில் நியூ ஆர்லியன்ஸில் பிறந்தார், 1980இல் சான் அன்டோனியோவில் காலமானார். 1929இலிருந்து சுமார் பத்து ஆண்டுகள் அவருடைய பேண்ட் தென்மாநிலங்களில் பெயர்பெற்று விளங்கியது. நாடு முழுக்கத் தெரிந்த பெயராக அது ஒருபோதும் ஆகவில்லை.

டெரிட்டரி பேண்ட் என்று எழுதுகிறார்களே, அது என்ன?

1920களிலும் 30களிலும் நியூயார்க், சிகாகோ போன்ற பெருநகரங்களுக்கு வெளியே ஒரு வட்டாரத்தையே பிழைப்புக்களமாகக் கொண்டு இயங்கிய நடன இசைக்குழுக்களை அப்படி அழைத்தார்கள். ஒரு நகரம் தலைமையிடம். அங்கிருந்து ஒரே இரவில் போய்ச் சேரக்கூடிய ஊர்களெல்லாம் அந்தக் குழுவின் எல்லை. டல்லாஸில் அல்ஃபோன்சோ ட்ரென்ட், ஓக்லஹோமா சிட்டியில் வால்டர் பேஜின் ப்ளூ டெவில்ஸ், கான்சஸ் சிட்டியில் பென்னி மோட்டன், டல்சாவில் எர்னி ஃபீல்ட்ஸ் என்று ஆளுக்கொரு நிலப்பரப்பு.

நம் ஊர் பாய்ஸ் நாடகக் கம்பெனிகளை நினைத்துக்கொண்டால் பாதி புரிந்துவிடும். சொந்த ஊரும் சுற்றுப்பயணமுமாக ஓடும் ஒரு கம்பெனி, அதற்கு ஒரு முதலாளி. திறமையானவர்கள் அங்கே தேறி, பிறகு பெரிய இடத்துக்குப் போய்விடுவார்கள். கம்பெனியின் பெயர் மறந்துபோகும்.

நியூ ஆர்லியன்ஸ்காரர் எதற்காக டெக்சஸுக்குப் போனார்?

வேலைக்காகத்தான். நியூ ஆர்லியன்ஸ் ஜாஸின் பிறப்பிடம் என்று நாம் கொண்டாடுகிறோம். ஆனால் அங்கே பிறந்த இசைக்கலைஞர்களில் பாதிப் பேர் பிழைப்புக்காக வெளியேறியவர்கள். கிங் ஆலிவரும் ஆம்ஸ்ட்ராங்கும் சிகாகோ போனார்கள். ஆல்பர்ட்டின் சித்தப்பா முறையான நாட்டி டொமினிக்கும் ட்ரம்பெட் கலைஞர்தான். அவரும் சிகாகோவுக்குப் போய் கிளாரினெட் கலைஞர் ஜானி டாட்ஸுடன் வாசித்தார்.

ஆல்பர்ட் வடக்கே போகவில்லை, மேற்கே போனார். உள்ளூர் ஊர்வல பேண்டுகளில் வாசித்துப் பழகியபின், பதினெட்டு வயதை ஒட்டி டெக்சஸ் வந்து சேர்ந்தார். அங்கே எண்ணெய்ப் பணம் இருந்தது, பருத்திப் பணம் இருந்தது, ராணுவ முகாம்கள் இருந்தன. நடனமாடக் காசு கொடுக்கும் கூட்டமும் இருந்தது. போட்டியோ சிகாகோ அளவுக்கு இல்லை. இந்தக் கணக்கை அந்த வயதிலேயே அவர் போட்டாரா, தற்செயலாக அமைந்ததா என்று சொல்ல முடியாது. ஆனால் அவருடைய பின்னாளைய முடிவுகளைப் பார்க்கும்போது, கணக்குப் பார்க்கத் தெரிந்த மனிதர் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

க்ரியோல் சமூகத்தவர் என்கிறார்களே, அதனால் இசையில் ஏதாவது வேறுபாடு உண்டா?

உண்டு. பிரெஞ்சு, ஸ்பானிய, ஆப்பிரிக்க வேர்கள் கலந்த நியூ ஆர்லியன்ஸ் க்ரியோல் குடும்பங்களில் இசை என்பது முறையாகக் கற்கும் தொழில். வாத்தியத்தைக் கையில் கொடுக்கும் முன்பே ஸ்வரக்குறிப்பைப் பார்த்துப் பாடச் சொல்லிக்கொடுக்கும் ஆசிரியர்கள் அங்கே இருந்தார்கள். அப்படி வளர்ந்தவருக்கு, எதிரே எந்த நோட்ஸை வைத்தாலும் வாசிக்க வரும். வால்ட்ஸ் கேட்டால் வால்ட்ஸ், ப்ளூஸ் கேட்டால் ப்ளூஸ். பலதரப்பட்ட கூட்டங்களுக்கு வாசித்துப் பிழைக்க வேண்டிய டெரிட்டரி பேண்டுக்கு இது பெரிய முதலீடு.

இன்னொரு பக்கமும் உண்டு. அமெரிக்காவில் இனப்பிரிவினையைச் சட்டபூர்வமாக்கிய 1896ஆம் ஆண்டின் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு, ஹோமர் பிளெஸ்ஸி என்ற நியூ ஆர்லியன்ஸ் க்ரியோல் ஒருவர் ரயிலில் வெள்ளையர் பெட்டியில் ஏறி அமர்ந்த வழக்கில் வந்தது. பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து அதே சமூகத்தில் பிறந்தவர் ஆல்பர்ட். பின்னால் வரப்போகும் நீதிமன்றக் கதைக்கு இதை நினைவில் வைத்திருங்கள்.

சொந்த பேண்ட் தொடங்கும் முன் எங்கே வாசித்தார்?

டல்லாஸில் அல்ஃபோன்சோ ட்ரென்ட்டின் குழுவில் சில காலம் இருந்தார். அடால்ஃபஸ் என்ற ஆடம்பர ஹோட்டலில் வாசித்து, டபிள்யூ.எஃப்.ஏ.ஏ. வானொலியில் தொடர்ந்து ஒலிபரப்பான கருப்பினக் குழு அது. பிறகு 1926 முதல் 1929 வரை சான் அன்டோனியோவில் டிராய் ஃப்ளாய்டின் பேண்ட். அவர்களுக்கு ‘ஷேடோலேண்ட்’ என்ற நடன விடுதியில் நிலையான வேலை. நகர எல்லையைத் தாண்டியிருந்த இடம். மதுவிலக்குக் காலம் வேறு. எல்லைக்கு வெளியே இருப்பதன் வசதியைச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

1928இல் ஃப்ளாய்டின் குழு ‘ஓகே’ (Okeh) என்ற இசைத்தட்டுக் கம்பெனிக்காக ‘ஷேடோலேண்ட் ப்ளூஸ்’ என்ற உருப்படியை இசைத்தட்டின் இரண்டு பக்கத்திலும் வருமாறு பதிவு செய்தது. அதில் ஆல்பர்ட்டின் ட்ரம்பெட்டைத் தனியாகக் கேட்கலாம். இருபது வயதுகூட நிரம்பாத பையனின் வாசிப்பு: நாதம் உருண்டையாக, அவசரமில்லாமல் வருகிறது. அவர் ட்ரம்பெட்டில் எப்படிப்பட்டவர் என்று தெரிந்துகொள்ள நமக்கு இருக்கும் முக்கியமான ஆதாரம் இதுதான். சொந்த பேண்டின் இசைத்தட்டுகளில்கூட அவரை இந்த அளவுக்குக் கேட்க முடியாது.

சொந்த பேண்ட் எப்போது உருவானது? யார் யார் இருந்தார்கள்?

1929இல். பெயர் ‘டான் ஆல்பர்ட் அண்ட் ஹிஸ் டென் பால்ஸ்’, அதாவது டான் ஆல்பர்ட்டும் பத்துத் தோழர்களும். ஆட்களுக்கு அவர் டெக்சஸில் தேடவில்லை, நியூ ஆர்லியன்ஸுக்குத் திரும்பிப் போய்த் தனக்குத் தெரிந்த பையன்களைத் திரட்டினார். சாக்ஸபோன், கிளாரினெட் பகுதியில் லூயி காட்ரெல் ஜூனியரும் ஹெர்ப் ஹாலும் முக்கியமானவர்கள். பின்னர் ட்ரம்பெட்டில் ஆல்வின் ஆல்கார்ன், பில்லி டக்ளஸ் ஆகியோர் சேர்ந்தார்கள். 1930களின் நடுவில் சான் அன்டோனியோவிலேயே பிறந்த லாயிட் கிளென் பியானோவுக்கு வந்தார். அரேஞ்ச்மென்ட், அதாவது எந்த வாத்தியம் எதை வாசிக்க வேண்டும் என்ற அமைப்பை எழுதும் பொறுப்பையும் ஏற்றார்.

அந்த ஆண்டு அக்டோபரில்தான் நியூயார்க் பங்குச் சந்தை சரிந்தது. பதினொரு பேருக்குச் சம்பளம் கொடுக்க வேண்டிய தொழிலைத் தொடங்க இதைவிட மோசமான நேரம் கிடையாது. ஆனாலும் பேண்ட் நிலைத்தது.

பிக் பேண்ட் என்றால் எத்தனை பேர்?

பொதுவாகப் பத்து முதல் பதினாறு பேர். ட்ரம்பெட்டும் ட்ராம்போனும் ஒரு வரிசை, சாக்ஸபோன்கள் ஒரு வரிசை, பியானோ, கிட்டார், பாஸ், ட்ரம்ஸ் சேர்ந்த தாளப் பகுதி. ஒரு வரிசை சொல்ல இன்னொன்று பதில் சொல்லும்; நடுவில் ஒருவர் எழுந்து சோலோ (தனி வாசிப்பு) வாசிப்பார். மற்றவர்கள் பின்னால் மெல்லிய பின்னணி போடுவார்கள்.

அவர்களுடைய இசை எந்த ரகம்?

கான்சஸ் சிட்டி பேண்டுகளைப் போல ஒரு சின்னத் துணுக்கைத் திரும்பத் திரும்ப வாசித்துச் சூடேற்றும் பாணி இவர்களுடையது அல்ல. பளபளப்பும் நேர்த்தியும் கொண்ட, எழுதி வாசிக்கும் பாணி. சாக்ஸபோன் வரிசை ஒரே குரலாகச் சேரும் இடங்களில் நியூ ஆர்லியன்ஸ் பயிற்சி பளிச்சென்று தெரியும். கிளாரினெட்டும் அந்த ஊர் வாசனையோடு வரும்.

இதற்கு வியாபாரக் காரணமும் இருந்தது. திங்கள்கிழமை ஒரு வெள்ளையர் கிளப், செவ்வாய் ஒரு கருப்பர் நடன அரங்கு என்று மாறி மாறி வாசிக்கும் பேண்ட், இரண்டு இடத்திலும் ஒரே மூட்டையை அவிழ்க்க முடியாது. டெக்சஸில் அடிமைகளுக்கு விடுதலை அறிவிக்கப்பட்ட நாளான ஜூன் 19 கருப்பின மக்களுக்குத் திருவிழா. அன்றைய நடனத்தில் கேட்கப்படும் இசையும் ஹோட்டல் விருந்தில் கேட்கப்படும் இசையும் வேறு வேறு.

சில விமர்சகர்கள் இந்த நெகிழ்வைச் ‘சமரசம்’ என்று எழுதுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. கேட்பவருக்குத் தகுந்தபடி வாசிக்கத் தெரிவது ஒரு வித்தை. அது இல்லாத பேண்டுகள் அந்தப் பஞ்சகாலத்தில் இரண்டே ஆண்டுகளில் கலைந்துபோயின.

பயணங்கள் எப்படி இருந்தன?

பேருந்துதான் வீடு. டெக்சஸின் அளவை நினைத்துப் பாருங்கள்: தமிழ்நாட்டைப் போல ஐந்து மடங்கு. இரவு ஒன்றரை மணிக்கு வாசித்து முடித்து, வாத்தியங்களைக் கட்டி ஏற்றி, முந்நூறு நானூறு கிலோமீட்டர் ஓடி, மறுநாள் மாலை இன்னொரு ஊரில் சட்டை மாற்றிக்கொண்டு மேடை ஏற வேண்டும். டெக்சஸோடு நிற்கவில்லை, தென்மாநிலங்கள் முழுவதும் போனார்கள். மெக்சிகோவிலும் கனடாவிலும்கூட வாசித்திருக்கிறார்கள்.

பணம் இரண்டு வகையில் வந்தது. ஒன்று, பேசிவைத்த தொகை. மற்றொன்று நுழைவுச்சீட்டு வசூலில் பங்கு. பங்கு முறையில் மழை பெய்தால் போச்சு. ஏற்பாடு செய்தவர் வசூல் பெட்டியோடு பின்வாசல் வழியாக நழுவிவிடும் கதைகள் அந்தக் காலத்து எல்லா பேண்டுக்காரர்களிடமும் இருந்தன.

இனப்பிரிவினை அவர்களை எப்படிப் பாதித்தது?

எல்லா விதத்திலும். வாசிக்கும் ஹோட்டலில் தங்க முடியாது. வாசிக்கும் விடுதியில் உட்கார்ந்து சாப்பிட முடியாது. கருப்பின மக்கள் பகுதியில் ஏதாவது ஒரு வீட்டில் அறை கேட்க வேண்டும், இல்லையென்றால் பேருந்திலேயே உறக்கம். எந்த ஊரில் எந்த வீட்டில் சோறு கிடைக்கும், எந்த பெட்ரோல் பங்கில் கழிப்பறைக்கு விடுவார்கள் என்பது பேண்ட் தலைவருக்கு மனப்பாடமாக இருக்க வேண்டும். கருப்பினப் பயணிகளுக்கான புகழ்பெற்ற ‘க்ரீன் புக்’ வழிகாட்டி 1936இல்தான் முதலில் வந்தது. ஆல்பர்ட் அதற்கு ஏழு ஆண்டுகள் முன்பே சாலையில் இறங்கிவிட்டார்.

அரங்கங்களிலும் இதே கதை. கருப்பர் நடனத்துக்கு வெள்ளையர் வந்தால் அவர்கள் மாடியில் அமர்ந்து வேடிக்கை பார்ப்பார்கள். சில இடங்களில் தரையின் நடுவே கயிறு கட்டியிருக்கும், இந்தப் பக்கம் இவர்கள், அந்தப் பக்கம் அவர்கள். மேடையில் இருப்பவர்கள் இரு பக்கத்துக்கும் சேர்த்துத்தான் வாசிக்கிறார்கள். என்ன வாசிப்பது என்பது பேண்ட் தலைவர் கையில் இருந்தது. யாரை உள்ளே விடுவது, யாரை எங்கே நிறுத்துவது என்பதை இன்னொருவர் முடிவு செய்தார்.

நல்ல ட்ரம்பெட் கலைஞர், ஏன் தன் சொந்த பேண்டிலேயே வாசிப்பதை நிறுத்தினார்?

அதிகம் கேட்கப்படும் கேள்வி இதுதான். 1932க்குப் பிறகு அவர் பெரும்பாலும் வாசிக்கவில்லை. மேடையின் முன்னால் நின்று பேண்டை நடத்துவது, கூட்டத்தோடு பேசுவது, கச்சேரிகளைப் பிடிப்பது, கணக்குப் பார்ப்பது என்று வேலையை மாற்றிக்கொண்டார்.

திறமைக் குறைவு என்று யாராவது சொன்னால் 1928ஆம் ஆண்டுத் தட்டைப் போட்டுக் காட்டுங்கள். நான் புரிந்துகொண்டது இப்படி: பில்லி டக்ளஸ், ஆல்வின் ஆல்கார்ன் போன்றவர்களை வேலைக்கு வைத்துக்கொண்டு தானும் ட்ரம்பெட் ஊதினால் ஒரு வாத்தியம் கூடும், அவ்வளவுதான். ஊதுவதை விட்டால் பேண்டுக்கு ஒரு முழுநேர நிர்வாகி கிடைப்பார். ட்ரம்பெட் உதட்டை நம்பிய வாத்தியம். தினமும் பயிற்சி இல்லாவிட்டால் உதட்டின் பலம் போய்விடும். பகல் முழுக்க ஒப்பந்தம் பேசி வண்டி ஓட்டும் ஆளுக்கு அந்தப் பயிற்சிக்கு நேரம் ஏது?

அந்தக் காலத்துப் பெரிய பேண்ட் தலைவர்களில் பலர் தங்கள் வாத்தியத்தாலேயே அறியப்பட்டவர்கள்: எலிங்டனுக்குப் பியானோ, குட்மேனுக்குக் கிளாரினெட். ஆல்பர்ட் அந்த அடையாளத்தைத் தானாக விட்டுக்கொடுத்தார். வரலாற்றில் அவர் பெயர் மங்கியதற்கு இதுவும் ஒரு காரணம் என்றே நினைக்கிறேன். சோலோ வாசித்தவரை எழுதிவைப்பார்கள். சம்பளத்தைத் தவறாமல் கொடுத்தவரை யார் எழுதுகிறார்கள்?

‘ஸ்விங்’ என்று முதலில் விளம்பரம் செய்தது இவர்தானா?

ஸ்விங் என்பது ஆடத் தூண்டும் தாளத்தோடு பிக் பேண்டுகள் வாசித்த ஜாஸ். முதலில் விளம்பரம் செய்தது தான்தான் என்று அவர் சொல்லிவந்தார். 1930களின் தொடக்கத்திலேயே ‘அமெரிக்காவின் தலைசிறந்த ஸ்விங் பேண்ட்’ என்று தன் குழுவை விளம்பரப்படுத்தினார். பென்னி குட்மேன் 1935இல் லாஸ் ஏஞ்சல்ஸில் பெற்ற வெற்றிக்குப் பிறகே நாடு முழுவதும் ஸ்விங் அலை வீசியது. அந்த வகையில் ஆல்பர்ட் முந்திக்கொண்டது நிஜம். ‘உலகிலேயே முதல்’ என்பதையெல்லாம் விளம்பரக்காரரின் வாய்ச்சொல்லாக எடுத்துக்கொண்டால் போதும். தலைசிறந்த பேண்ட் என்பதையும் சேர்த்துத்தான்.

எத்தனை இசைத்தட்டுகள் வெளியாயின?

இங்கேதான் வயிற்றெரிச்சல். 1936 நவம்பரில் சான் அன்டோனியோவில் வொகேலியன் கம்பெனிக்காக எட்டுப் பக்கங்கள் பதிவு செய்தார்கள். எட்டுப் பக்கம் என்றால் நான்கு தட்டு. பக்கத்துக்கு மூன்று நிமிடம் வைத்தால் மொத்தம் இருபத்தைந்து நிமிடத்துக்கும் குறைவு. பத்து ஆண்டு உழைப்பில் அந்தப் பிக் பேண்டுக்கு மிஞ்சிய ஒலி அவ்வளவுதான்.

இசைத்தட்டுக் கம்பெனிகள் அப்போது கருவிகளைப் பெட்டியில் கட்டிக்கொண்டு தென்மாநில நகரங்களுக்கு வருவார்கள். ஹோட்டல் அறையை ஸ்டூடியோவாக்கி உள்ளூர்க் கலைஞர்களை வரிசையாகப் பதிவு செய்துவிட்டுப் போய்விடுவார்கள். சான் அன்டோனியோ அதற்கு வாகான ஊர். மெக்சிக வம்சாவளிப் பாடகி லிடியா மெண்டோசாவின் புகழ்பெற்ற 1934ஆம் ஆண்டுப் பதிவும் இங்கே நடந்ததுதான். ஆல்பர்ட் பதிவு செய்த அதே மாதம், அதே நகரில் கன்டர் ஹோட்டலின் ஓர் அறையில் மிசிசிப்பியிலிருந்து வந்த ஒல்லியான இளைஞர் ஒருவர் கிட்டாரோடு அமர்ந்து பாடினார். அவர் பெயர் ராபர்ட் ஜான்சன். அந்தப் பதிவுகள் பின்னாளில் ராக் இசைக்கே அடித்தளமாகக் கொண்டாடப்பட்டன. ஆல்பர்ட்டின் எட்டுப் பக்கங்களைச் சேகரிப்பாளர்கள் மட்டும் தேடினார்கள்.

அந்த எட்டில் எதிலிருந்து கேட்கத் தொடங்கலாம்?

‘ராக்கின் அண்ட் ஸ்விங்கின்’ முதலில். பேண்ட் முழுவேகத்தில் ஓடும்போது எப்படி இருந்திருக்கும் என்று பிடிபடும். அடுத்து ‘டீப் ப்ளூ மெலடி’. வேகம் தணிந்து, சாக்ஸபோன் வரிசை நிறம் காட்டும் இடம். ‘தி ஷேக் ஆஃப் அராபி’, ‘ஆன் தி சன்னி சைட் ஆஃப் தி ஸ்ட்ரீட்’ இரண்டும் எல்லோரும் வாசித்த பிரபலப் பாடல்கள் என்பதால் மற்ற பேண்டுகளோடு ஒப்பிட்டுக் கேட்க உதவும். டக்ளஸின் ட்ரம்பெட்டில் ஆம்ஸ்ட்ராங்கின் சாயல் இருக்கிறது. அன்று அந்தச் சாயல் இல்லாத ட்ரம்பெட் கலைஞர் அபூர்வம். ஒலித்தரம் சுமார்தான், ஹெட்ஃபோனில் கேளுங்கள்.

கவுண்ட் பேஸி போல இவர் ஏன் தேசியப் புகழ் பெறவில்லை?

பேஸியும் டெரிட்டரி பேண்ட் உலகிலிருந்து வந்தவர்தான். 1936இல் அவர் கான்சஸ் சிட்டியிலிருந்து ஒரு சிறிய வானொலி நிலையம் வழியாக வாசித்துக்கொண்டிருந்ததை, சிகாகோவில் தன் கார் வானொலியில் கேட்டார் ஜான் ஹேமண்ட் என்ற செல்வாக்குள்ள தயாரிப்பாளர். அங்கிருந்து கதை மாறியது. அப்படி ஒரு காது ஆல்பர்ட் பக்கம் திரும்பவில்லை.

அதிர்ஷ்டம் மட்டும் காரணம் என்று சொல்லமாட்டேன். பேஸியிடம் லெஸ்டர் யங், ஹெர்ஷல் எவன்ஸ் போன்ற, ஒருமுறை கேட்டால் மறக்காத சாக்ஸபோன் கலைஞர்கள் இருந்தார்கள். எவன்ஸ் முன்பு இதே சான் அன்டோனியோவில் டிராய் ஃப்ளாய்டின் குழுவில் வாசித்தவர் என்பது வேறு விஷயம். ஆல்பர்ட்டின் பேண்ட் நேர்த்தியானது, ஆனால் யாரோடும் குழப்பிக்கொள்ள முடியாத ஒரு முத்திரை அதற்கு இருந்ததா என்றால், எட்டுப் பக்கங்களை வைத்து உறுதியாக ஆமாம் என்று என்னால் சொல்ல முடியவில்லை.

நியூயார்க்கிலிருந்து சான் அன்டோனியோ மிகத் தொலைவு என்பதும் உண்டு. பெரிய ஏஜென்சிகள், வானொலி வலையமைப்புகள், இசைப் பத்திரிகைகள் எல்லாம் கிழக்கிலும் சிகாகோவிலும் இருந்தன.

பேண்ட் ஏன் கலைந்தது?

தொழில் மாறியதால். 1930களின் பிற்பகுதியில் ஏஜென்சிகள் தேசிய பேண்டுகளை உள்ளூர்கள் வரை கொண்டுவந்து இறக்கின. வானொலியில் தினமும் கேட்கும் பேண்ட் நேரில் வரும்போது, உள்ளூர்க் குழுவுக்கு யார் சீட்டு வாங்குவார்கள்? சிறிய விடுதிகளிலோ ஜூக்பாக்ஸ் வந்துவிட்டது. அந்த இசைத்தட்டுப் பெட்டியில் ஒரு நிக்கல் (ஐந்து சென்ட்) காசு போட்டால் எலிங்டனே வாசிப்பார். பத்துப் பதினைந்து பேருக்குச் சம்பளம் கொடுத்துப் பேருந்து ஓட்டுவது கட்டுப்படியாகவில்லை. 1930களின் முடிவோடு ஆல்பர்ட்டின் பிக் பேண்டும் முடிந்தது. அதன்பின் வந்த உலகப்போர், பெட்ரோல் ரேஷன், ஆட்சேர்ப்பு எல்லாம் மிச்சமிருந்த டெரிட்டரி பேண்டுகளையும் கலைத்தன. அந்த வகையில் அவர் சற்று முன்னதாகவே இறங்கிக்கொண்டார்.

‘கீஹோல்’ விடுதி பற்றிச் சொல்லுங்கள்.

1944இல் சான் அன்டோனியோவின் கிழக்குப் பகுதியில் ஆல்பர்ட் திறந்த இரவு விடுதி ‘கீஹோல் கிளப்’. அவருடைய வாழ்க்கையின் மிகத் துணிச்சலான செயல் இதுதான் என்பேன், பேண்டைவிடவும்.

அங்கே கருப்பர், வெள்ளையர், மெக்சிக வம்சாவளியினர் எல்லோரும் ஒரே கூரையின் கீழ் அமர்ந்தார்கள், குடித்தார்கள், ஆடினார்கள். கயிறு இல்லை, தனி மாடி இல்லை. 1940களின் டெக்சஸில் இது சாதாரண விஷயம் அல்ல. சான் அன்டோனியோ மற்ற தென்மாநில நகரங்களைவிடச் சற்றே தளர்வான ஊர் என்பது உதவியது. அது ராணுவ நகரம், மெக்சிகோ எல்லை பக்கம். மக்கள்தொகையில் மெக்சிக வம்சாவளியினர் பெரும் பகுதி, கருப்பின மக்கள் பத்தில் ஒரு பங்குக்கும் குறைவு. இருந்தாலும் பள்ளிகளிலும் உணவகங்களிலும் பேருந்துகளிலும் பிரிவினை இருந்தது. விதிவிலக்காக ஒரு விடுதியை நடத்துவதற்கு நெஞ்சுரம் வேண்டும்.

பத்து ஆண்டுகள் ஊர் ஊராகச் சுற்றியபோது வாசலில் நின்றவர் எப்போதும் வேறொருவர். இங்கே வாசல் ஆல்பர்ட்டுடையது. 1940களில் அவர் செய்ததும் பேண்ட் தலைவர் வேலையின் தொடர்ச்சிதான் என்று நான் பார்ப்பது இதனால்.

அதற்காக வழக்கு நடந்ததாமே?

நடந்தது. முதல் கீஹோல் 1940களின் இறுதியில் மூடப்பட்டது. பின்னர் நகரின் இன்னொரு பகுதியில் மீண்டும் திறந்தார். 1951இல் நகர அதிகாரிகள் அதை மூட முனைந்தார்கள். கட்டடம் பாதுகாப்பானதல்ல என்பது சொல்லப்பட்ட காரணம். உண்மையான காரணம் உள்ளே யார் யாரோடு ஆடினார்கள் என்பதுதான் என்று ஊரில் எல்லோருக்கும் தெரியும்.

அந்தக் காலத்தில் ஒரு கருப்பின விடுதி உரிமையாளர் இத்தகைய நெருக்கடி வந்தால் சத்தமில்லாமல் பூட்டைத் தொங்கவிட்டுப் போய்விடுவார். ஆல்பர்ட் நீதிமன்றம் போனார். அதிகாரிகளைத் தடுக்கும் உத்தரவைப் பெற்றார். நகரம் மேல்முறையீடு செய்தபோதும் தீர்ப்பு அவர் பக்கமே நின்றது. பள்ளிகளில் இனப்பிரிவினை செல்லாது என்று உச்ச நீதிமன்றம் சொன்ன 1954ஆம் ஆண்டுத் தீர்ப்புக்கு மூன்று ஆண்டுகள் முன்பு தொடங்கிய போராட்டம் இது.

கருப்பின மக்களின் குடிமை உரிமை இயக்கத்தின் வரலாற்று நூல்களில் இந்த வழக்குக்குப் பெரிய இடமில்லை. ஓர் இரவு விடுதியின் உரிமைப் பிரச்சினையாக அது பதிவாகிவிட்டது. பள்ளிக்கூடம், பேருந்து போல மதுக்கடைக்கு ஒரு புனிதம் கிடையாதே!

பிறகு மீண்டும் ட்ரம்பெட் வாசித்தாரா?

வாசித்தார். 1960களில் நியூ ஆர்லியன்ஸ் இசைக்குப் புது மதிப்பு வந்தபோது, பழைய ஊருக்குப் போய்ப் பழைய கூட்டாளிகளோடு சிறிய குழுக்களில் வாசித்தார். பிக் பேண்ட் இல்லை, ஆறேழு பேர் சேரும் மரபான ஜாஸ். நியூ ஆர்லியன்ஸின் டுலேன் பல்கலைக்கழக ஜாஸ் ஆவணக் காப்பகத்துக்கு விரிவான நேர்காணலும் கொடுத்திருக்கிறார். டெரிட்டரி பேண்டுகள் எப்படி இயங்கின என்று இன்று நமக்குத் தெரிவதில் ஒரு பகுதி அவர் போன்றவர்கள் வாய்திறந்து சொன்னதால்தான். 2001இல் அவரைப் பற்றி ஒரு முழு வாழ்க்கை வரலாற்று நூலும் வெளிவந்தது.

அவருடைய கலைஞர்கள் என்ன ஆனார்கள்?

பலர் நன்றாகவே வந்தார்கள். லூயி காட்ரெல் நியூ ஆர்லியன்ஸின் மதிப்புமிக்க கிளாரினெட் கலைஞரானார். அங்கிருந்த கருப்பின இசைக்கலைஞர் சங்கத்தின் தலைவராகவும் இருந்தார். ஹெர்ப் ஹால் நியூயார்க் போய்ப் பல ஆண்டுகள் வாசித்தார். அவருடைய அண்ணன் எட்மண்ட் ஹால் ஆம்ஸ்ட்ராங்கின் குழுவில் இருந்தவர். லாயிட் கிளென் லாஸ் ஏஞ்சல்ஸ் சென்று ப்ளூஸ் பியானோவில் பெரும்பெயர் எடுத்தார். ப்ளூஸ் கிட்டார் கலைஞர் டி-போன் வாக்கரின் 1947ஆம் ஆண்டு ‘ஸ்டார்மி மண்டே’ பதிவில் பியானோ அவருடையதுதான்.

ஆல்வின் ஆல்கார்ன் கதை சுவையானது. 1973இல் வந்த ஜேம்ஸ் பாண்ட் படம் ‘லிவ் அண்ட் லெட் டை’யில் ஒரு சவ ஊர்வலக் காட்சி உண்டு. தெருவோரம் நின்று வேடிக்கை பார்க்கும் உளவாளி, ‘இது யாருடைய இறுதிச் சடங்கு?’ என்று கேட்பார். ‘உன்னுடையதுதான்’ என்று சொல்லிக் கத்தியைச் செருகுவார் பக்கத்தில் நிற்கும் சாந்தமான மனிதர். அந்த மனிதர்தான் ஆல்கார்ன். அந்தப் படத்தை எத்தனை முறை பார்த்திருப்பீர்கள்!

இவரைப் போன்ற வேறு வட்டார ட்ரம்பெட் தலைவர்கள் உண்டா?

அதே டெக்சஸில், ஹூஸ்டன் நகரத்து மில்ட் லார்கின். அவரும் ட்ரம்பெட் கலைஞர், 1936இல் பேண்ட் தொடங்கியவர். இல்லினாய் ஜாக்கெட், ஆர்னெட் காப், எடி ‘க்ளீன்ஹெட்’ வின்சன் ஆகிய சாக்ஸபோன் கலைஞர்கள் மூவரும் அவரிடம் வளர்ந்தவர்கள். ஆல்பர்ட்டுக்காவது எட்டுப் பக்கங்கள் கிடைத்தன. லார்கினின் அந்த பேண்டுக்கு ஒரு பக்கம்கூட இல்லை. அது எப்படி ஒலித்திருக்கும் என்று ஊகிக்க ஆசைப்பட்டால், ஜாக்கெட் அங்கிருந்து லயனல் ஹாம்ப்டன் என்ற பேண்ட் தலைவரிடம் போய் 1942இல் ‘ஃப்ளையிங் ஹோம்’ பதிவில் வாசித்த டெனர் சாக்ஸபோன் சோலோவைக் கேளுங்கள்.